சூப்பர் மெகா பேஸ்பால் 4: கற்பனை வீரர்களின் மைதானம்

கணினியில் பேஸ்பால் விளையாட விரும்புவோருக்குப் பத்தாண்டுகளுக்கும் மேலாகத் தேர்ந்தெடுக்க அதிகம் எதுவும் கிடைத்ததில்லை. அமெரிக்காவின் முதன்மைத் தொழில்முறை பேஸ்பால் அமைப்பான மேஜர் லீக்கின் அணிகளையும் வீரர்களையும் கொண்டு விளையாட்டு உருவாக்கும் உரிமையை, கன்சோல் தயாரிப்பாளர்களைத் தவிர மற்ற நிறுவனங்களைப் பொறுத்தவரை, 2005இல் டேக்-டூ நிறுவனம் தனதாக்கிக்கொண்டது. அதனால் பலரும் இன்றுவரை நினைவுகூரும் 'எம்.வி.பி. பேஸ்பால் 2005'ஓடு எலக்ட்ரானிக் ஆர்ட்ஸின் மேஜர் லீக் தொடர் முடிவுக்கு வந்தது. டேக்-டூவின் 2கே தொடரோ 2012ஆம் ஆண்டுப் பதிப்போடு கணினியைக் கைவிட்டு, அடுத்த ஆண்டு கன்சோலிலும் ஓய்ந்துபோனது. எஞ்சி நின்ற சோனியின் 'எம்.எல்.பி. தி ஷோ' 2021இல் எக்ஸ்பாக்ஸுக்கும் 2022இல் நின்டெண்டோ ஸ்விட்ச்சுக்கும் வந்ததே தவிர, கணினிப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை. கணினியில் அணி நிர்வாகத்தை மட்டும் செய்துபார்க்க விரும்புவோருக்கு 'அவுட் ஆஃப் தி பார்க் பேஸ்பால்' இருக்கிறது; ஆனால் மட்டையைத் தானே சுழற்ற வேண்டும், பந்தைத் தானே எறிய வேண்டும் என்று ஆசைப்படுகிறவருக்கு அது போதாது.

அந்த வெற்றிடத்தில் தனக்கென ஓர் இடத்தைப் பிடித்துக்கொண்டது 'சூப்பர் மெகா பேஸ்பால்' தொடர். கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில் உள்ள விக்டோரியா நகரின் மெட்டல்ஹெட் சாஃப்ட்வேர் என்ற சிறு நிறுவனம் 2014 டிசம்பரில் பிளேஸ்டேஷனுக்கென முதல் பாகத்தை வெளியிட்டது. மறு ஆண்டு அது எக்ஸ்பாக்ஸுக்கும் கணினிக்கும் வந்தது. இரண்டாம் பாகம் 2018இலும், மூன்றாம் பாகம் 2020 மே மாதத்திலும் வெளிவந்தன. 2021இல் எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் இந்நிறுவனத்தை விலைக்கு வாங்கியது. அந்தப் பெரிய குடையின்கீழ் வெளிவந்த முதல் பாகமான நான்காவது, 2023 ஜூன் 2 அன்று பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச், கணினி ஆகிய எல்லாவற்றிலும் ஒரே நாளில் கிடைத்தது. இந்த மதிப்புரை அந்த நான்காம் பாகத்தைப் பற்றியது. ஆயினும் மூன்றாம் பாகத்தைத் தொடாமல் இதைப் பேச முடியாது, ஏனெனில் நான்காம் பாகத்தின் சிறப்புகளில் பெரும்பாலானவை மூன்றாம் பாகத்திலேயே வேர்கொண்டவை.

முதல் பார்வைக்கு இது சிறுவர்களுக்கான கேலிச்சித்திர விளையாட்டுப்போலத் தோன்றும். பெருத்த தலை, முறுக்கிய மீசை, புடைத்த புயம் என்று வீரர்கள் மிகைப்படுத்தி வரையப்பட்டிருக்கிறார்கள். ஆண்களும் பெண்களும் ஒரே அணியில், யாதொரு விளக்கமும் இன்றி, இயல்பாக ஆடுகிறார்கள். அணிகளின் பெயர்களும் அப்படித்தான்: சர்லாயின்ஸ், பீவுல்வ்ஸ், ஹெர்பிசாரஸ், வைல்ட் பிக்ஸ். இந்தத் தோற்றத்துக்கு நீண்ட மரபு உண்டு. ஜப்பானில் நாம்கோ நிறுவனத்தின் 'ஃபாமிஸ்டா' 1986இலும், கொனாமியின் 'பவர் ப்ரோஸ்' 1994இலும் குட்டையான உருண்டை உருவங்களைக் கொண்டே பேஸ்பாலைத் துல்லியமாக ஆடவைத்தன; அமெரிக்காவில் 1997இல் வந்த 'பேக்யார்டு பேஸ்பால்' தெருச்சிறுவர்களை வைத்து ஒரு தலைமுறையையே இந்த ஆட்டத்துக்குள் இழுத்தது. தோற்றத்தைப் பார்த்து ஆட்டத்தை எடைபோட்டு விலகிவிடுபவர், இந்தக் கேலிச்சித்திர முகங்களுக்குப் பின்னால் இருக்கும் பந்தின் இயற்பியலைத் தவறவிட்டுவிடுவார். மட்டையின் எந்தப் பகுதியில், எந்தக் கணத்தில் பந்து பட்டது என்பதே அது போகும் திசையையும் உயரத்தையும் வேகத்தையும் தீர்மானிக்கிறது. சற்று முந்திச் சுழற்றினால் பந்து ஒரு பக்கம் இழுபடுகிறது, பிந்தினால் மறுபக்கம் வழுவுகிறது, அடிப்பகுதியில் பட்டால் வானில் எழும்பிக் கைக்குள் விழுகிறது. ஏன் அவுட்டானோம் என்று ஒவ்வொரு முறையும் நமக்குப் புரிகிறது என்பதுதான் இந்த விளையாட்டின் முதல் நேர்மை.

கிரிக்கெட்டை மட்டுமே அறிந்த வாசகருக்காகச் சில வரிகள். பேஸ்பாலில் ஓர் அணி மூன்று பேர் அவுட்டாகும்வரை அடித்து ஆடும், பிறகு எதிரணி, இப்படி ஒன்பது இன்னிங்ஸ். பிட்சர் எறியும் பந்து அடிப்பவரின் முழங்காலுக்கும் மார்புக்கும் இடைப்பட்ட, நம் கண்ணுக்குத் தெரியாத ஒரு பெட்டிக்குள் வந்தால் ஸ்ட்ரைக், வெளியே போய் அடிப்பவர் மட்டையைச் சுழற்றாமல் விட்டால் பால். மூன்று ஸ்ட்ரைக் விழுந்தால் ஆட்டமிழப்பு. நான்கு பால் சேர்ந்தால் அடிப்பவர் முதல் பேஸுக்கு (அடித்தவர் ஓடிக் கடக்க வேண்டிய நான்கு மூலைகளில் முதலாவது; எல்லாவற்றையும் சுற்றி, அடித்த இடமான ஹோமுக்குத் திரும்பினால் ஒரு ரன்) இலவசமாக நடந்து போகலாம். ஆகவே எதை அடிக்கக்கூடாது என்று தெரிந்துகொள்வது எதை அடிக்க வேண்டும் என்று தெரிந்துகொள்வதற்கு இணையான திறமை. ஆட்டத்தின் சுவை முழுவதும் பிட்சருக்கும் அடிப்பவருக்கும் இடையே நடக்கும் அந்த மனப்போரில்தான் இருக்கிறது. அந்தப் போரை எவ்வளவு உண்மையாக நம் விரல்களுக்குள் கொண்டுவருகிறது என்பதை வைத்தே ஒரு பேஸ்பால் விளையாட்டை மதிப்பிட வேண்டும்.

இந்த அளவுகோலில் சூப்பர் மெகா பேஸ்பால் மிக உயரத்தில் நிற்கிறது. பந்தெறியும்போது முதலில் எந்த வகைப் பந்து என்று தேர்வு செய்கிறோம்: நேராக வரும் வேகப்பந்தா, வளைந்து விழும் கர்வ் பந்தா, வேகப்பந்துபோலப் புறப்பட்டு மெதுவாக வந்துசேரும் சேஞ்ச்-அப்பா. பிறகு எங்கே எறிவது என்று குறிபார்க்கிறோம். சாதாரண எறிதலுக்குப் பொத்தானைத் தட்டினால் போதும். முழு வலுவோடு எறிய வேண்டுமானால் பொத்தானை அழுத்திப் பிடிக்க வேண்டும். அப்போது நம் குறியும் இலக்கும் பிரிந்து நிற்க, பந்து கையைவிட்டுப் போவதற்குள் ஜாய்ஸ்டிக்கால் குறியை இலக்கின்மேல் கொண்டுபோய் நிறுத்த வேண்டும். பதற்றப்பட்டால் குறி தவறி, பந்து அடிப்பவருக்கு வாகாக நடுவில் போய் விழுகிறது. களைத்துப்போன பிட்சரை வைத்துக்கொண்டு, மூன்று பேஸ்களிலும் எதிரணியினர் நிற்க, இந்தச் சிறிய செயலைச் செய்து பார்த்தால்தான் அதன் கனம் தெரியும். விரல் நடுங்கினால் பந்தும் நடுங்கும் என்ற ஏற்பாடு வெகு எளிமையானது. பிட்சிங்குக்கு மூன்று நான்கு மாற்று முறைகளை அடுக்கித் தரும் பெரிய விளையாட்டுகளில்கூட இந்த அளவுக்கு மனநிலையும் கைநிலையும் ஒன்றாவதை நான் உணர்ந்ததில்லை.

மட்டை வீசுவதும் அவ்வாறே. ஒரு வட்டக்குறியைப் பந்து வரக்கூடிய இடத்துக்கு நகர்த்தி, நேரம் பார்த்துச் சுழற்ற வேண்டும். ஹோம் ரன்னுக்கு, அதாவது எல்லைச் சுவரைத் தாண்டிப் பறக்கும் அடிக்கு, ஆசைப்பட்டால் பந்து கிளம்பும் முன்பே பொத்தானை அழுத்திப் பிடித்து வலுவைத் திரட்ட வேண்டும். ஆனால் அப்படித் திரட்டுவது என்பது 'இந்தப் பந்து வேகமாக வரும்' என்று முன்கூட்டியே பந்தயம் கட்டுவது. எதிராளி சேஞ்ச்-அப்பை எறிந்துவிட்டால், பந்து வந்துசேரும் முன்பே மட்டை காற்றைக் கிழித்திருக்கும். இந்த ஊகமும் எதிர்-ஊகமும் ஒவ்வொரு பந்திலும் நடக்கின்றன. பந்தைப் பிடித்து எறியும் பகுதியோ பழகிய மாத்திரத்தில் கைக்கு இயல்பாகிவிடுகிறது: கன்ட்ரோலரின் நான்கு பொத்தான்களும் மைதானத்தின் நான்கு மூலைகளைப்போல அமைந்திருப்பதால், வலப்பக்கம் முதல் பேஸ், மேலே இரண்டாவது, இடப்பக்கம் மூன்றாவது, கீழே ஹோம் என்று யோசிக்காமலே எறியலாம். ஓடுபவர்களைக் கட்டுப்படுத்துவதுதான் சற்றுச் சிக்கல். இருவர் ஒரே சமயத்தில் வெவ்வேறு பேஸ்களில் நிற்கும்போது ஒருவரை ஓடவிட்டு மற்றவரை நிறுத்தி வைக்கும் வித்தை கைவர நாளாகும்.

இத்தனையையும் தாங்கி நிற்கும் தூண் 'ஈகோ' என்ற அமைப்பு. மற்ற விளையாட்டுகள் எளிது, நடுத்தரம், கடினம் என்று மூன்று நான்கு படிகள் மட்டுமே வைத்திருக்க, இது 0 முதல் 99 வரை ஓர் எண்ணைத் தருகிறது. எண் குறைவாக இருக்கும்போது பந்து நிதானமாக வருகிறது, குறி நமக்கு உதவுகிறது, களத்தில் இருப்பவர்கள் தாமாகவே பந்தை நோக்கி நகர்கிறார்கள்; எண் ஏற ஏற அந்த உதவிகள் ஒவ்வொன்றாகக் கரைந்து, வேகம் கூடி, கடைசியில் நம் கண்ணும் கையும் மட்டுமே மிஞ்சுகின்றன. பேட்டிங், பிட்சிங், ஃபீல்டிங், ஓட்டம் ஒவ்வொன்றுக்கும் தனித்தனி எண்ணையும் வைத்துக்கொள்ளலாம். எனக்கு இதில் மிகவும் பிடித்தது இது நம்மை அவமானப்படுத்துவதில்லை என்பதே. 'எளிது' என்ற பெயருள்ள படியைத் தேர்ந்தெடுக்கும்போது பெரியவர்களுக்கு ஏற்படும் கூச்சம், 20 என்ற எண்ணைத் தேர்ந்தெடுக்கும்போது ஏற்படுவதில்லை. அதைவிட முக்கியமானது, படிக்கும் படிக்கும் இடையே பள்ளம் இல்லை. மற்ற விளையாட்டுகளில் நடுத்தரம் சலித்துப்போய்க் கடினத்துக்கு மாறிய அன்றே தோல்விமேல் தோல்வி கண்டு கைவிட்டவர்கள் ஏராளம். இங்கே 34இலிருந்து 36க்குப் போகலாம், தோற்றால் 35க்குத் திரும்பலாம். தொடர்ந்து பெரிய வித்தியாசத்தில் வெல்கிறோமா, எண்ணைச் சற்றே உயர்த்த வேண்டிய நேரம். அடுத்தடுத்த ஆட்டங்கள் ஒற்றை ரன் வித்தியாசத்தில் முடிகின்றனவா, அதுதான் இப்போதைக்கு நமக்கான இடம். விளையாட்டுத் துறை முழுவதும் இந்த ஏற்பாட்டைக் கடன்வாங்கியிருக்க வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

ஈகோ நமக்கானது என்றால் 'மோஜோ' வீரர்களுக்கானது. நன்றாக அடித்த வீரரின் தன்னம்பிக்கை ஏறுகிறது, ஸ்ட்ரைக்-அவுட் ஆகித் திரும்பியவரின் தன்னம்பிக்கை இறங்குகிறது. அதற்கேற்ப அவருடைய திறனும் ஏறி இறங்குகிறது. ஆட்டத்தின் இக்கட்டான கட்டங்களில் அழுத்தமும் சேர்ந்துகொள்கிறது. அணியின் தலைசிறந்த அடிப்பவரே மனம் தளர்ந்து நிற்கும்போது, கடைசி இன்னிங்ஸில் அவரை அனுப்புவதா, திறன் குறைந்தாலும் நல்ல மனநிலையில் இருக்கும் மாற்று வீரரை அனுப்புவதா என்ற கேள்வி எழுகிறது. எண்களைக் கொண்டு மட்டும் இதற்கு விடை காண முடியாது. விளையாட்டு வீரர்களின் 'ஃபார்ம்' என்று நாம் பேசும் அந்தப் பிடிபடாத விஷயத்துக்கு இவ்வளவு தெளிவான, ஆனால் மிகையில்லாத ஒரு வடிவம் கொடுத்திருப்பது பாராட்டுக்குரியது.

நான்காம் பாகத்தில் புதிதாகச் சேர்ந்தவற்றுள் என்னை அதிகம் கவர்ந்தது அணியின் 'கெமிஸ்ட்ரி'. ஒவ்வொரு வீரருக்கும் ஒரு சுபாவம் உண்டு: போட்டி மனப்பான்மை, உற்சாகம், தந்திரம், அறிவார்வம், கட்டுப்பாடு என்று ஐந்து வகை. முதல் பந்தையே விளாசுவது, இக்கட்டில் கைகொடுப்பது, பேஸ் திருடுவதில் (பந்து அடிபடும் முன்பே ஓடி அடுத்த பேஸைப் பிடிப்பதில்) கெட்டிக்காரத்தனம் என்று வீரர்களுக்கு இருக்கும் தனிக்குணங்கள் ஒவ்வொன்றும் இந்த ஐந்தில் ஒன்றோடு பிணைக்கப்பட்டிருக்கின்றன; அதே சுபாவமுள்ளவர்கள் அணியில் பெருகப் பெருக, அந்தக் குணத்தின் வலுவும் கூடுகிறது. தனிக்குணங்கள் மூன்றாம் பாகத்திலேயே இருந்தவைதாம். ஆனால் அங்கே அவை வீரர்களின் சட்டையில் குத்திய பதக்கங்கள் அளவிலேயே நின்றன. இங்கே அவை அணி சேர்க்கும் முறையையே மாற்றுகின்றன. முன்பெல்லாம் சம்பளத்துக்குள் அடங்கும் மிகச் சிறந்த வீரரை எடுத்தால் போதும். இப்போது, எண்களில் சற்றுப் பின்தங்கினாலும் சுபாவத்தில் ஒத்துப்போகிறவரை எடுக்கும் முடிவுக்கு அடிக்கடி தள்ளப்படுகிறோம். அந்த முடிவு பெரும்பாலும் சரியாகவும் அமைகிறது.

இதன் முழுப்பயன் தெரிவது 'ஃபிரான்சைஸ்' பகுதியில். ஓர் அணியைப் பொறுப்பெடுத்து, ஆண்டுக்கணக்கில் நடத்தும் பகுதி இது. மூன்றாம் பாகத்தில் அறிமுகமாகி, இந்தத் தொடரின் உயிராகவே ஆகிவிட்டது. பருவத்தின் ஆட்டங்களுக்கு நடுவே வீரர்களுக்கான வளர்ச்சி வாய்ப்புகள் வந்துகொண்டே இருக்கும். ஒருவருக்குப் பயிற்சி கொடுத்தால் வலு கூடும், ஆனால் துல்லியம் குறையலாம், எல்லா வாய்ப்புக்கும் விலை உண்டு, கையிருப்போ அளவானது. இளையவரிடம் செலவிட்டால் அது பல ஆண்டுகளுக்கான முதலீடு, மூத்தவரிடம் செலவிட்டால் இந்த ஆண்டுக் கோப்பைக்கான அவசரம். பருவம் முடிந்ததும் சிலர் ஓய்வு பெறுகிறார்கள், சிலரை விடுவிக்க வேண்டியிருக்கிறது, சம்பள வரம்புக்குள் புதியவர்களைச் சேர்க்க வேண்டியிருக்கிறது. வீரர்களின் வயது ஏறுகிறது, பந்தின் வேகம் குறைகிறது, கால்கள் கனக்கின்றன.

கற்பனை வீரர்கள் என்ற முடிவின் அருமை இங்கேதான் விளங்குகிறது. ஹேமர் லாங்பாலோ என்று ஒருவர் உலகில் எங்கும் இல்லை. சர்லாயின்ஸ் அணிக்காக அவர் எத்தனை ஹோம் ரன் அடித்திருப்பார் என்று எந்தப் பதிவேட்டிலும் தேட முடியாது. அவருடைய வரலாறு முழுவதும் நம் திரையில், நம் கைகளால் எழுதப்படுகிறது. என் அணியின் முதன்மை பிட்சராகப் பல பருவங்கள் எறிந்த ஒருவர் வயதேறி, வேகப்பந்து மங்கி, கடைசிப் பருவத்தில் இறுதி இன்னிங்ஸ்களுக்கு மட்டும் வந்து போகிறவராக ஆனபோது, அவரை வைத்துக்கொள்வதற்கு நிர்வாகக் கணக்கில் ஒரு நியாயமும் இல்லை. ஆனாலும் விடுவிக்க மனம் வரவில்லை. உரிமம் பெற்ற எந்த விளையாட்டிலும் இப்படி ஓர் உணர்வு எனக்கு வாய்த்ததில்லை. அங்கே நாம் ஆட்டுவிக்கும் வீரரின் உண்மை வாழ்க்கை வேறெங்கோ நடந்துகொண்டிருக்கிறது. அடுத்த ஆண்டுப் பதிப்பு வந்ததும் நாம் எழுதிய கதை செல்லாததாகிவிடுகிறது. ஆண்டுதோறும் புதிய பதிப்பு வெளியிடும் வழக்கம் இந்தத் தொடருக்கு இல்லை என்பதும் இதற்குத் துணைநிற்கிறது. மூன்றாம் பாகத்துக்கும் நான்காம் பாகத்துக்கும் மூன்று ஆண்டு இடைவெளி. ஒரு ஃபிரான்சைஸை நிறைவாக வாழ்ந்து முடிக்க அது தாராளமான காலம்.

ஆகவேதான் நான்காம் பாகத்தின் மிகப் பெரிய விளம்பரச் செய்தி எனக்கு மகிழ்ச்சியோடு தயக்கத்தையும் தந்தது. ஓய்வுபெற்ற உண்மை வீரர்கள் 200 பேருக்கு மேல் இதில் சேர்க்கப்பட்டிருக்கிறார்கள். பேப் ரூத் இருக்கிறார், வில்லி மேஸ் இருக்கிறார். அட்டைப்படத்தில் சிரிப்பவர் டேவிட் ஓர்ட்டிஸ். 1918க்குப் பிறகு 86 ஆண்டுகள் கோப்பையின்றிக் காத்திருந்த பாஸ்டன் ரெட் சாக்ஸ் அணி 2004இல் மேஜர் லீக்கின் இறுதிப் போட்டியான உலகத் தொடரை வென்றபோது அதன் நடுநாயகமாக நின்றவர் அவர். வில்லி மேஸ் இந்த விளையாட்டு வெளியான நாளில் 92 வயதில் உயிரோடு இருந்தார். மறு ஆண்டு ஜூனில் மறைந்தார். இவர்களையெல்லாம் இந்தக் கேலிச்சித்திரப் பாணியில் வரைந்திருப்பது மரியாதைக் குறைவாக இல்லை; ஒவ்வொருவரின் நிற்கும் தோரணையும் உடல்வாகும் அன்போடு கவனிக்கப்பட்டிருக்கின்றன. ரூத்தையும் ஓர்ட்டிஸையும் ஒரே அணியில் அடுத்தடுத்து அடிக்க அனுப்புவது பேஸ்பால் ரசிகருக்குத் திகட்டாத இன்பம் என்பதில் ஐயமில்லை.

ஆனால் அந்த இன்பம் ஒரு மாலைப்பொழுதுக்கானது. இந்த மேதைகள் தம் வரலாற்றை ஏற்கெனவே முடித்துவிட்டு வந்திருக்கிறார்கள். ரூத்தின் 714 ஹோம் ரன்களும் மேஸின் 660உம் நம் உதவி இல்லாமல் எழுதப்பட்டவை. அவற்றோடு நாம் ஒன்றைச் சேர்த்தாலும் கூடப்போவதில்லை. கற்பனை வீரர்களுக்கு நடுவே இவர்களைக் கலந்துவிட்டால், லாங்பாலோ போன்றவர்கள் திடீரென்று கற்பனை என்று தெரிய ஆரம்பிக்கிறார்கள். அதுவரை அப்படித் தெரிந்ததில்லை. இதை ஒட்டியே வீரர்களின் வரைவும் சற்று அடக்கப்பட்டிருக்கிறது. முந்தைய பாகங்களின் துணிச்சலான மிகையுருவங்கள் இங்கே உண்மை மனிதரின் அளவுகளை நோக்கி நகர்ந்திருக்கின்றன. இது பலருக்குப் பிடித்திருக்கிறது என்று அறிவேன். எனக்குப் பழைய முகங்களே பிடித்திருந்தன. நல்லவேளையாக, உண்மை வீரர்கள் இல்லாத பழைய சூப்பர் மெகா லீக்கை அப்படியே தேர்ந்தெடுத்து ஆடும் உரிமை நம்மிடமே விடப்பட்டிருக்கிறது. நான் பெரும்பாலும் அதைத்தான் செய்கிறேன்.

உண்மை வீரர்களும் கற்பனை வீரர்களும் நன்றாகப் பொருந்தும் இடம் ஒன்று உண்டு: 'ஷஃபிள் டிராஃப்ட்'. லீக்கில் உள்ள எல்லா வீரர்களையும் ஒரு பொதுக் குவியலில் போட்டுவிட்டு, அணிகள் முறைவைத்து ஒவ்வொருவராக எடுத்துக்கொள்ளும் ஏற்பாடு இது. இருபது அணிகளும் கலைந்து புதிதாகப் பிறக்கின்றன. நட்சத்திர அடிப்பவர் முதலிலேயே போய்விடுவார் என்று தெரிந்து, பிட்சர்களை வளைத்துப் போடுவதா, அல்லது ஒரே சுபாவத்தினரைத் தேடிக் கெமிஸ்ட்ரியைக் கட்டுவதா என்று யோசித்து யோசித்து எடுக்கும் அந்த ஒரு மணி நேரம், எந்த ஆட்டத்துக்கும் குறையாத பரபரப்பு. புதிய பாகத்துக்கு மாறுவதற்கு ஒரே ஒரு காரணம் சொல்லச் சொன்னால் இதைத்தான் சொல்வேன்.

மைதானங்கள் அழகானவை, சகுரா ஹில்ஸ், எமரால்ட் டயமண்ட், புதிதாகச் சேர்ந்த சியுடாட் டி கலோரஸ் என்று ஒவ்வொன்றுக்கும் தனி வெளிச்சமும் தனிச் சுவர்களும் உண்டு, சுவரின் உயரமும் தூரமும் மாறுவதால் ஒரு மைதானத்தில் ஹோம் ரன்னாகும் அடி இன்னொன்றில் கைக்குள் முடியும். இணையத்தில் ஆடும் 'பென்னன்ட் ரேஸ்' பகுதியில் கன்சோல்காரரும் கணினிக்காரரும் ஒருவரோடு ஒருவர் மோதலாம் என்பது இந்தச் சிறிய ரசிகர் கூட்டத்துக்குப் பெரிய உதவி.

குறைகளுக்கு வருகிறேன். நேர்முக வர்ணனை இதில் இல்லை. நடுவரின் குரலும், கூட்டத்தின் ஆரவாரமும், மட்டையில் பந்து படும் ஓசையும்தான் நம்மோடு இருக்கின்றன. ஆட்டம் தெரிந்தவருக்கு இது குறையாகத் தோன்றாமல் போகலாம். ஒரே வாக்கியங்களைத் திரும்பத் திரும்பச் சொல்லும் வர்ணனையாளர்களைக் காட்டிலும் இந்த அமைதி மேல் என்றுகூடத் தோன்றும். ஆனால் பேஸ்பாலைப் புதிதாகக் கற்க வருகிறவருக்கு, ஏன் இந்தக் கட்டத்தில் அடிப்பவர் பந்தை மெல்லத் தட்டிவிட்டார், ஏன் பிட்சரை மாற்றினார்கள் என்று எடுத்துச் சொல்ல ஆளில்லை. ஒரு நல்ல வர்ணனை ஆட்டத்தைக் கற்பிக்கும் ஆசிரியராகவும் இருக்கும். அந்த ஆசிரியர் இங்கே இல்லை.

ஃபிரான்சைஸில் அணிகள் தமக்குள் வீரர்களை மாற்றிக்கொள்ளும் வசதி இல்லாதது அடுத்த பெரிய ஏமாற்றம். மூன்றாம் பாகத்திலேயே ரசிகர்கள் சுட்டிக்காட்டியது இது. கெமிஸ்ட்ரி என்ற அருமையான ஏற்பாட்டைக் கொண்டுவந்த பிறகு இந்த இல்லாமை மேலும் உறுத்துகிறது: என் அணியோடு சுபாவத்தில் ஒட்டாத ஒரு நல்ல பிட்சர் எதிரணிக்குப் பொருந்துவார் என்று கண்ணெதிரே தெரிந்தும், அவரைக் கொடுத்துவிட்டு வேறொருவரைப் பெற வழியில்லை. அவரை விடுவிக்கலாம், சந்தையில் யாராவது கிடைப்பாரா என்று பார்க்கலாம், அவ்வளவுதான். பேஸ்பாலை நேசிப்பவர்கள் ஆண்டு முழுவதும் வாதிட்டுக்கொண்டிருக்கும் விஷயமே இந்த வீரர் பரிமாற்றம்தான். அதை விட்டுவிட்ட நிர்வாகப் பகுதியை நிறைவானது என்று சொல்ல எனக்கு மனம் ஒப்பவில்லை.

அணிகளின் பெயர், சின்னம், சீருடை, வீரர்களின் முகம், பெயர் என எல்லாவற்றையும் நம் விருப்பப்படி மாற்றலாம். இந்தச் சுதந்திரம் தாராளமானது. ஆனால் ஓர் அணியில் 22 பேர், லீக்கில் இருபது அணிகள் என்றிருக்க, ஒவ்வொருவரையும் கன்ட்ரோலர் கொண்டு திருத்துவது பெரும் பொறுமையைக் கேட்கும் வேலை.

விலையைப் பற்றிப் பேசாமல் முடிக்க இயலாது. வெளியானபோது நான்காம் பாகத்தின் விலை 49.99 டாலர், மூன்றாம் பாகம் 44.99 டாலருக்கு வந்தது. எண்ணளவில் வேறுபாடு சிறிது. ஆனால் மூன்றாம் பாகம் அந்த விலைக்கு ஃபிரான்சைஸ் என்ற புத்தம்புதிய உலகத்தைக் கொடுத்தது, நான்காம் பாகம் இருக்கும் உலகத்தைச் செப்பனிட்டுக் கொடுக்கிறது. ஏற்கெனவே மூன்றாம் பாகத்தில் ஆழ்ந்த ஃபிரான்சைஸ் ஒன்றை நடத்திக்கொண்டிருப்பவர் அவசரப்பட்டு மாற வேண்டியதில்லை. தள்ளுபடி விற்பனைக்குக் காத்திருக்கலாம், கெமிஸ்ட்ரியும் ஷஃபிள் டிராஃப்ட்டும் அந்தக் காத்திருப்புக்குத் தகுதியானவை. இந்தத் தொடருக்கே புதியவராக இருந்தால் நேரடியாக நான்காவதையே வாங்குங்கள். உண்மையான மேஜர் லீக் அணிகள் இல்லாமல் பேஸ்பாலே வேண்டாம் என்பவருக்குக் கன்சோலில் 'தி ஷோ' இருக்கிறது. அவருடைய தேவை வேறு.

புதியவர்களுக்குச் சில யோசனைகள். இன்னிங்ஸ் எண்ணிக்கையை மாற்றிக்கொள்ளலாம் என்பதால், தொடக்கத்தில் ஒன்பதுக்குப் பதில் ஐந்தோ ஆறோ போதும்; பிட்சரைக் களைப்படைய விடாமல் மாற்றக் கற்றுக்கொள்ள அதுவே தகுந்த அளவு. ஈகோவை 15இல் தொடங்கி, பேட்டிங்கின் எண்ணை மட்டும் முதலில் மெல்ல உயர்த்துங்கள். ஃபீல்டிங்கையும் ஓட்டத்தையும் கை பழகும்வரை தாழ்வாகவே வைத்திருங்கள். முதல் சில ஆட்டங்களில் வலுவான வீச்சுக்கு ஆசைப்படாமல் சாதாரண வீச்சிலேயே நின்று, பெட்டிக்கு வெளியே போகும் பந்துகளை விடப் பழகுங்கள். ஃபிரான்சைஸ் தொடங்கும்போது நட்சத்திரங்கள் நிறைந்த அணியை எடுக்காமல், இளையவர்கள் அதிகமுள்ள நடுத்தர அணி ஒன்றை எடுங்கள். ஓய்வுபெறும் வயதில் இருக்கும் பிட்சர் ஒருவரும் அதில் இருந்தால் இன்னும் நல்லது.